கோடு போட்டால் கதவு திறக்குமா?

திருக்கோவிலூர் பக்கத்தில், தென்பெண்ணையாற்றங்கரையை ஒட்டி ஜம்பை என்று ஓர் ஊர் இருக்கிறது. அங்கே ஒரு பாறைக்குன்று, குன்றில் இயற்கையாக அமைந்த ஒரு குகை. தாசிமடம் என்று அதற்குப் பெயர். குகைக்குள்ளே பாறையில் ஒரே ஒரு வரி வெட்டியிருக்கிறது. கொக்கி மாதிரி ஒன்று, சூலம் மாதிரி ஒன்று, குச்சி குச்சியாகச் சில. எழுத்து என்று சொல்லிவிட முடியாது, படம் என்றும் சொல்லிவிட முடியாது.

ஊரில் அதைப் பற்றி ஒரு நம்பிக்கை உண்டு. அது ஒரு ரகசியக் குறி. யார் அதைச் சரியாகப் படித்து விடுகிறார்களோ, அவர்களுக்குக் குகை வழி விடும். உள்ளே புதையல்!

மாயாஜாலக் கதைகளில் வருகிற அதே சமாச்சாரம்தான். சுவரில் ஒரு சின்னம், அதைத் தொட்டால் வேறு உலகம். நெற்றியில் ஒரு கோடு, அதன் வழியாகக் கனவுக்குள் புகுந்துவிடும் ஒரு வில்லன். இந்த மாதிரிக் கற்பனை உலகங்களை உருவாக்க மேல்நாட்டு எழுத்தாளர்கள் வருடக்கணக்கில் மண்டையை உடைத்துக் கொள்கிறார்கள். கள்ளக்குறிச்சிப் பக்கத்தில் அது சும்மாவே கிடந்தது, ஆடு மேய்க்கிறவர்கள் ஒதுங்கும் குகையில்.

சரி, அந்தக் குறியை யாராவது படித்தார்களா? படித்தார்கள். அங்கேதான் விஷயமே ஆரம்பிக்கிறது.

திறந்தது எந்தக் கதவு?

1981 அக்டோபர். அப்போது இது தென்னாற்காடு மாவட்டம். தமிழ்நாடு தொல்லியல் துறையில் படித்துக் கொண்டிருந்த ஒரு மாணவர் ஜம்பையில் கல்வெட்டுகளைத் தேடிப் போனார். (ஆமாம், மாணவர்தான். பேராசிரியர் அல்ல.) ஒன்றல்ல, பன்னிரண்டு போலக் கண்டுபிடித்தார். அதில் மிகப் பழையது தாசிமடத்துக் 'குறி'. அது தமிழ் பிராமி எழுத்து. வயது ஏறக்குறைய 2000 ஆண்டுகள்.

மொத்தம் ஆறே சொற்கள். ஸதியபுதோ என்ற பட்டம் உடைய அதியமான் நெடுமான் அஞ்சி கொடுத்த பள்ளி இது என்பதுதான் செய்தி. பள்ளி என்றால் துறவிகள் தங்கும் இடம். ஒரு ராஜா துறவிகளுக்கு ஒரு குகையைச் செப்பனிட்டுக் கொடுத்துவிட்டு, வாசலில் பெயர்ப்பலகை மாட்டியிருக்கிறார். நம் ஊர் கோவிலில் டியூப்லைட்டில் உபயதாரர் பெயர் எழுதுகிறார்களே, அதே பழக்கம்தான்!

இதில் என்ன புதையல் என்று கேட்கலாம். அசோகர் கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் தன் இரண்டாம் பாறைக் கட்டளையில் தென்னாட்டு அரசுகளைச் சொல்லும்போது சோழர், பாண்டியர், கேரளபுத்திரர் ஆகியோரோடு 'ஸதியபுதோ' என்றும் ஒரு பெயரைச் சொல்கிறார். முதல் மூன்று பேர் யார் என்று எல்லோருக்கும் தெரியும். நாலாவது ஆள் யார்? 1837 வாக்கில் ஜேம்ஸ் பிரின்செப் பிராமி எழுத்தைப் படிக்கும் வழியைக் கண்டுபிடித்ததற்குப் பிறகு நூறு ஆண்டுகளுக்கும் மேலாக அறிஞர்கள் இதற்கு ஆளுக்கொரு விடை சொல்லிக் கொண்டிருந்தார்கள். ஜம்பையின் ஒரு வரி அதற்குப் பதில் சொன்னது. ஔவைக்கு நெல்லிக்கனி கொடுத்த அதே அதியமான்தான் அசோகரின் கட்டளையில் வரும் குடியைச் சேர்ந்தவன். அதுவரை பாட்டில் மட்டும் இருந்த ஒரு மனிதன் கல்லில் வந்து நின்றான். தகடூர்க்காரனுக்குத் திருக்கோவிலூர்ப் பக்கம் என்ன வேலை என்ற கேள்விக்கும் சங்கப் பாடல்களிலேயே விடை இருந்தது. அவன் கோவலூரை வென்ற செய்தி புறநானூற்றில் வருகிறது. பாட்டும் கல்லும் ஒன்றுக்கொன்று சாட்சி சொன்னது அப்போதுதான்.

ஆக, ஊர்க்காரர்களின் நம்பிக்கை பொய் என்று தள்ளிவிட முடியாது. அது ரகசியக் குறிதான். படித்ததும் ஒரு கதவு திறந்ததும் உண்மைதான். அவர்கள் எதிர்பார்த்த இடத்தில் அந்தக் கதவு இல்லை, அவ்வளவுதான்.

கற்பனை உலகம் சொல்வது

டோல்கீனின் மோதிரக் கதையில் (முதல் பாகம் 1954இல் வந்தது) ஒரு காட்சி உண்டு. மலைக்குள்ளே போக ஒரு கதவு. கதவில் பழைய மொழியில் எழுத்துகள். கூட்டத்திலேயே பெரிய மந்திரவாதி தனக்குத் தெரிந்த எல்லா மந்திரங்களையும் சொல்லிப் பார்க்கிறார். கதவு அசையவில்லை. கடைசியில் பார்த்தால், சொல்ல வேண்டிய வார்த்தை கதவின் மேலேயே எழுதியிருக்கிறது! 'நண்பன்' என்று அந்த மொழியில் சொன்னால் போதும். அவர் அதை மர்மமாக நினைத்ததால்தான் அவ்வளவு நேரம் ஆனது.

ஜம்பைக்கும் இதற்கும் ஒரு வித்தியாசமும் இல்லை. 'இது மந்திரம்' என்று முடிவு செய்துவிட்டால், அப்புறம் யாரும் அதைப் படிக்க மாட்டார்கள். கும்பிடுவார்கள், பயப்படுவார்கள், ராத்திரியில் கடப்பாரை எடுத்து வருவார்கள். படிப்பது மட்டும் நடக்காது.

ஹாரி பாட்டரின் ஐந்தாவது புத்தகம் (2003) இன்னொரு பக்கத்தைக் காட்டுகிறது. நெற்றித் தழும்பு வழியாக வரும் கனவுகளை ஹாரி உண்மை என்றே நம்புகிறான். ஒரு நாள் எதிரி ஒரு பொய்க் கனவை அனுப்புகிறான். அதை நம்பி ஓடியதில் ஹாரிக்கு மிக நெருங்கிய ஓர் உயிர் போகிறது. குறி உண்மையாகவே சக்தியுள்ளதாக இருக்கும் உலகத்தில்கூட, அதை விசாரிக்காமல் நம்புகிறவன் தோற்கிறான். மாயாஜாலக் கதை எழுதுகிறவர்களுக்கே இது தெரிந்திருக்கிறது. மாயாஜாலத்தைத் தொழிலாக வைத்திருப்பவர்கள்தான் இதைச் சொல்வதில்லை.

நம் பக்கமும் இதற்குக் குறைவில்லை. எந்தச் சாமத்தில் கண்ட கனவு எத்தனை நாளில் பலிக்கும் என்று கணக்குப் போட்டுச் சொல்லும் கனாநூல் தமிழில் உண்டு. பொன்னவன் என்பவர் பெயரால் அது வழங்குகிறது. திருமந்திரத்தின் நான்காம் தந்திரம் முழுக்கச் சக்கரங்கள்தான். கட்டம் போட்டு அதில் எழுத்தை எப்படி அடைப்பது என்று விளக்கமாக இருக்கிறது. ஆனால் சிலப்பதிகாரத்தையும் பாருங்கள். கண்ணகி கெட்ட கனவு காண்கிறாள். தேவந்தி ஒரு பரிகாரம் சொல்கிறாள்: இரண்டு குளங்களில் முழுகிக் காமன் கோயிலைத் தொழுதால் கணவன் வந்து சேர்வான். கண்ணகி அதைத் தனக்குப் பெருமையல்ல என்று ஒரே வார்த்தையில் மறுத்து விடுகிறாள். கனவைப் பார்த்துப் பயந்தவள்தான். ஆனாலும் குறுக்கு வழி வேண்டாம் என்று சொல்லத் தெரிந்தவள். தாயத்துக் கடைக்காரர்கள் ஏனோ இந்தக் கதையை எடுத்துச் சொல்வதே இல்லை!

தாயத்து மட்டும் என்ன பாவம் செய்தது?

இந்த இடத்தில் ஓர் எதிர்க்கேள்வி வரும். 'குழந்தை பயந்து அழுகிறது, கறுப்புக் கயிறு கட்டுகிறோம். வாசலில் கோலம் போடுகிறோம். புது வீட்டில் திருஷ்டிப் பூசணி தொங்க விடுகிறோம். மனசுக்குத் தைரியம் வருகிறது. இதில் யாருக்கு என்ன நஷ்டம்?'

நியாயமான கேள்வி. பதிலும் நியாயமாக இருக்க வேண்டும். ஒருவருக்கும் நஷ்டம் இல்லை. கோலம் போட்டால் லட்சுமி வருகிறாளோ இல்லையோ, போடுகிறவருக்கு ஐந்து நிமிடம் மனம் ஒரு நிலையில் நிற்கிறது, தெருவுக்கும் அழகு. மனிதன் குறிகளால் வாழ்கிற பிராணி. தாலி ஒரு குறி, தேசியக் கொடி ஒரு குறி, ரூபாய் நோட்டும் ஒரு குறிதான்.

குறி எங்கே எல்லை தாண்டுகிறது என்றால், செய்ய வேண்டிய வேலைக்குப் பதிலாக அது வந்து உட்காரும்போது. பாம்பு கடித்தவனுக்கு விஷமுறிவு ஊசி போடுகிற நேரத்தில் மந்திரித்துக் கொண்டிருந்தால் உயிர் போகும். செப்புத் தகட்டில் நாலு கட்டம் கீறிக் கொடுத்து, கடன் தீரும் என்று சொல்லி ஆயிரக்கணக்கில் வாங்கினால் அந்தக் கடனில் இன்னொரு ஆயிரம் சேரும்.

புதையல் கனவு இதைவிட மோசம். 'அம்மன் கனவில் வந்து இடத்தைக் காட்டினாள்' என்று சொல்லிப் பழைய கல்லறைகளைத் தோண்டுகிறவர்கள் தமிழ்நாடு முழுக்க இருக்கிறார்கள். ஊர்மக்கள் பாண்டவர் குழி, குள்ளர் வீடு என்று சொல்லும் பெருங்கற்காலக் கல்லறைகள் பல இப்படித்தான் சிதைந்தன. உள்ளே இருப்பது பெரும்பாலும் மண்பானை, துருப்பிடித்த இரும்பு, எலும்பு. தோண்டுகிறவனுக்கு அது குப்பை. வரலாற்றுக்கு அதுதான் தங்கம். உண்மையிலேயே தங்கம் கிடைத்தாலும் அது அவனுடையது ஆகிவிடாது. 1878ஆம் ஆண்டுப் புதையல் சட்டப்படி பத்து ரூபாய்க்கு மேல் மதிப்புள்ள புதையல் கிடைத்தால் கலெக்டரிடம் சொல்லியாக வேண்டும். பத்து ரூபாய்! அம்மன் கனவில் இந்த விவரத்தை மட்டும் சொல்லாமல் போய்விடுகிறாள்.

படிக்கப்படாத குறிகள்

ஜம்பைக் குறி படிக்கப்பட்டுவிட்டது. படிக்கப்படாதவை இன்னும் இருக்கின்றன. விழுப்புரம் மாவட்டத்துக் கீழ்வாலையில் பாறைகள் மேல் செங்காவி ஓவியங்கள் உள்ளன. மனித உருவங்களோடு வரிசையாகச் சில குறியீடுகளும் அங்கே இருக்கின்றன. அவை சிந்துவெளிக் குறிகளைப் போல இருக்கின்றன என்று பேச்சு உண்டு. தமிழ்நாட்டு அகழாய்வுகளில் கிடைத்த பானை ஓடுகளிலும் இப்படிக் கீறல்கள் ஏராளம். மாநிலத் தொல்லியல் துறை 2025 ஜனவரியில் இந்தக் கீறல்களையும் சிந்துவெளிக் குறிகளையும் ஒப்பிட்டு ஒரு நூல் வெளியிட்டது. சிந்துவெளி எழுத்தைப் புரிந்துகொள்ள வழி கண்டுபிடிப்பவருக்குப் பத்து லட்சம் டாலர் பரிசு என்று அதே மாதம் முதலமைச்சர் ஸ்டாலின் அறிவித்தார்.

பரிசு நல்ல விஷயம். ஆனால் உருவம் ஒத்துப் போவது வேறு, பொருள் தெரிவது வேறு. கூட்டல் குறியும் சிலுவையும் பார்க்க ஒன்றுபோல் இருக்கும். 'படித்துவிட்டோம்' என்று அவசரப்பட்டு மார்தட்டினால் அதுவும் ஒரு தாயத்து வியாபாரம்தான், கொஞ்சம் படித்தவர்கள் செய்கிற வியாபாரம். குகைக் கல்வெட்டுகள் தமிழ்தான் என்று கே.வி. சுப்பிரமணிய ஐயர் 1924இல் காட்டினார். ஐராவதம் மகாதேவனின் பெரிய தொகுப்பு நூல் 2003இல்தான் வந்தது. நடுவே கிட்டத்தட்ட எண்பது ஆண்டு உழைப்பு இருக்கிறது. குறியைப் படிப்பதற்கு மந்திரம் தேவையில்லை, பொறுமை வேண்டும்.

இந்தப் பாறைகளுக்கு அந்தப் பொறுமை கிடைக்குமா என்பதுதான் கவலை. ஓவியம் இருக்கும் பாறைகளில் ஆணியால் இதயம் கீறி, நடுவில் அம்பு விட்டு, இரண்டு பக்கமும் இனிஷியல் எழுதுகிற காதலர்கள் எல்லா ஊரிலும் உண்டு. கல்குவாரிக்காரர்களுக்கோ பாறை என்பது ஜல்லி. 3000 ஆண்டு நின்ற கோடு ஒரே வெடியில் போய்விடும். அப்புறம் பத்து லட்சம் டாலர் கொடுத்தாலும் திரும்பி வராது.

மலை மேலே இருக்கும் மந்திரம்

இப்போது கள்ளக்குறிச்சியிலிருந்து மேற்கே கல்வராயன் மலைக்குப் போகலாம். நிஜ வாழ்க்கையையே மாற்றும் குறிகள் அங்கே இருக்கின்றன. எந்த மந்திரவாதியும் எழுதியதல்ல, அரசாங்க முத்திரை குத்திய காகிதங்கள்.

மலையில் வாழ்கிறவர்கள் மலையாளிகள். கேரளத்து மலையாளி அல்ல. மலையை ஆளும் மக்கள் என்ற பொருளில் வந்த பெயர். பேசுவது தமிழ். காஞ்சிபுரத்திலிருந்து வந்தவர்கள் என்று அவர்களே தங்கள் கதையைச் சொல்வார்கள். நாடெல்லாம் ஜமீன்தாரி ஒழிந்த பிறகும் இந்த மலை ஜாகீர்தார்கள் கையில்தான் இருந்தது. 1976இல்தான் அது முடிவுக்கு வந்தது. அதாவது சுதந்திரம் என்ற சொல் கீழ்நாட்டிலிருந்து மலையேற இருபத்தொன்பது ஆண்டு ஆனது.

இந்த மக்கள் பழங்குடியினர் பட்டியலில் இருக்கிறார்கள். ஆனால் எப்படி இருக்கிறார்கள் என்று பார்த்தால் சிரிப்பும் வரும், கோபமும் வரும். பட்டியலில் 'மலையாளி' என்ற பெயருக்குப் பக்கத்திலேயே மாவட்டங்களின் பெயர்கள் எழுதியிருக்கின்றன: தருமபுரி, வடாற்காடு, புதுக்கோட்டை, சேலம், தென்னாற்காடு, திருச்சிராப்பள்ளி. இதில் தென்னாற்காடு மாவட்டம் 1993இல் பிரிந்து போய்விட்டது. அதிலிருந்து விழுப்புரம் வந்தது, விழுப்புரத்திலிருந்து 2019 நவம்பரில் கள்ளக்குறிச்சி வந்தது. வெள்ளிமலையில் பிறந்த ஒரு பெண் கல்லூரியில் சேரக் காட்டும் சான்றிதழ், இன்று வரைபடத்தில் இல்லாத ஒரு மாவட்டத்தின் பெயரை நம்பி நிற்கிறது.

பட்டியலில் பெயர் இருந்தவர்கள் அதிர்ஷ்டசாலிகள். பழைய கோவை மாவட்டம் அந்த வரிசையில் இல்லை. ஆகவே அந்தியூர், பர்கூர் மலைகளில் வாழும் மலையாளிகள், இன்றைய ஈரோடு மாவட்டத்துக்காரர்கள், அந்தப் பட்டியலுக்கு வெளியே நின்றார்கள். அதே பெயர், அதே மக்கள். ஒரு மலையில் பழங்குடி, இன்னொரு மலையில் இல்லை. பல பத்தாண்டுகளாகக் கேட்டுக் கொண்டிருக்கிறார்கள். ஒரு காகிதத்தில் ஒரு சொல் விடுபட்டதால் பல குழந்தைகளின் எதிர்காலம் வேறு மாதிரி எழுதப்பட்டது. இதைவிடப் பெரிய மாந்திரீகம் எந்தக் கற்பனை உலகத்தில் இருக்கிறது?

2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டமும் அப்படித்தான். தலைமுறையாக உழுத நிலம் தன்னுடையது என்று சொல்ல ஒருவருக்கு ஒரு பட்டா வேண்டும். நிலம் நேற்றும் அதேதான், இன்றும் அதேதான். நடுவில் ஒரு முத்திரை விழுந்தால் அவர் சொந்தக்காரர், விழாவிட்டால் ஆக்கிரமிப்பாளர். 2024இல் சென்னை உயர் நீதிமன்றம் தானே முன்வந்து கல்வராயன் மலை மக்களின் நிலை பற்றி வழக்கு எடுத்தது. சாலை, பள்ளி, ரேஷன் எல்லாம் நீதிமன்றத்தில் பேசித்தான் வர வேண்டும் என்ற நிலை இருந்ததைத்தான் அது காட்டுகிறது.

ஆகவே...

ஜம்பையின் வரி, தாயத்தின் கட்டம், சான்றிதழின் முத்திரை மூன்றுக்கும் பொதுவானது ஒன்று உண்டு. கோட்டுக்குள்ளே சக்தி இல்லை. கோட்டைப் பார்த்து எத்தனை பேர் தலையாட்டுகிறார்கள் என்பதில்தான் சக்தி இருக்கிறது. தாயத்துக்குத் தலையாட்டுவது கட்டிக்கொண்டவர் ஒருவர். முத்திரைக்குத் தலையாட்டுவது ஓர் அரசாங்கமே. அதனால்தான் அது நிஜத்தை மாற்றுகிறது.

அப்படியானால், குறிகள் ஆளும் உலகத்தில் படிக்கத் தெரிந்தவன் மந்திரவாதி, தெரியாதவன் அவன் சொல்வதைக் கேட்கிறவன். ஜாகீர் காலத்துக் கைநாட்டிலிருந்து இன்றைய ஆன்லைன் விண்ணப்பம் வரை இதுதான் நடந்து வருகிறது. இந்த நிலைமையை உடைக்க ஒரே வழி, எல்லோரையும் மந்திரவாதி ஆக்கிவிடுவது.

கள்ளக்குறிச்சி மாவட்டப் பள்ளிகள் இதைச் செய்யலாம், செலவே இல்லை. தமிழ் பிராமி அடிப்படை எழுத்துகளை ஆர்வமுள்ள ஒரு ஒன்பதாம் வகுப்புப் பிள்ளை சில நாட்களில் பழகிவிடும். சுற்றுலா என்றதும் பஸ்ஸை ஊட்டிக்குத் திருப்பாமல் ஒரு தடவை ஜம்பைக்குத் திருப்பலாம். அந்தக் குகையில் நின்று ஒரு மாணவி தானே எழுத்துக் கூட்டி 'அதியந்' என்று படித்துவிட்டால், அவள் வாழ்நாளில் எந்தத் தகட்டுக்கும் ஏமாற மாட்டாள். அதே வாரத்தில் அதே வகுப்பில் ஒரு பட்டாவையும் ஒரு சாதிச் சான்றிதழ் விண்ணப்பத்தையும் வரி வரியாகப் படிக்கக் கற்றுக் கொடுக்க வேண்டும். இரண்டும் ஒரே பாடம்தான்.

புதையல் இருக்கிறது என்று ஜம்பைக்காரர்கள் சொன்னது சரி. கடப்பாரையை மட்டும் வீட்டில் வைத்துவிட்டு வர வேண்டும்.